சொல் அறிவோம்: சளியில் பிறந்த சாந்தம்



இத்திங்கள் நாம் ஆராய எடுத்துக்கொள்ளும் ஆங்கிலச் சொல் 'ஃபிளெக்மாட்டிக்' என்பதாகும். அன்றாடப் பேச்சில் அடிக்கடி காதில் விழும் சொல் அன்று. ஆங்கில நாவல்களிலும் நற்சான்றிதழ்களிலும் எப்போதேனும் எதிர்ப்படும். எதிர்ப்படும்போது பலரைத் திகைக்க வைக்கும். அப்படித் திகைத்த ஒரு தந்தையின் கடிதமே இக்கட்டுரைக்குக் காரணம்.

அவருடைய மகள் செவிலியர் பயிற்சியை முடித்தவர். பயிற்சி பெற்ற மருத்துவமனையின் மூத்த மருத்துவர் ஒரு நற்சான்றிதழ் வழங்கியிருக்கிறார். அதில் ஒரு வரி: 'ஷி இஸ் ஸ்கில்ஃபுல், பங்ச்சுவல் அண்ட் ஃபிளெக்மாட்டிக் ஈவன் இன் எமர்ஜென்ஸீஸ்.' திறமையானவர், நேரந்தவறாதவர் என்பது வரையில் தந்தைக்கு விளங்கிவிட்டது. மூன்றாவது சொல் விளங்காமல் வீட்டிலிருந்த ஆங்கில - தமிழ் அகராதியைப் புரட்டியிருக்கிறார். 'கபம் மிகுந்த; மந்தமான; உணர்ச்சியற்ற' என்று பொருள் கண்டதும் மனம் இடிந்துவிட்டார். "என் மகளுக்குச் சளியும் இல்லை, மந்தமும் இல்லை. இந்தச் சான்றிதழை வேலை விண்ணப்பத்துடன் இணைக்கலாமா, அல்லது கிழித்து எறிந்துவிடலாமா? நாளை பெண் கேட்டு வருபவர்கள் கண்ணில் பட்டால் என்ன நினைப்பார்கள் என்று என் மனைவி அழுகிறாள்" என்று எழுதியுள்ளார். விண்ணப்பத்திற்குக் கடைசி நாள் நெருங்குவதால், சான்றிதழைக் கிழிக்க வேண்டாம் என்ற ஒரு வரியை மட்டும் அஞ்சலட்டையில் உடனே அவருக்கு எழுதிவிட்டேன். காரணத்தை உங்கள் எல்லோர் முன்னிலையிலும் விளக்குவது நலம் என்று கருதுகிறேன். ஏனெனில், அகராதி பொய் சொல்லவில்லை. மருத்துவரும் தவறாக எழுதவில்லை. இரண்டும் எப்படி ஒருசேர உண்மையாக இருக்க முடியும் என்பதில்தான் இச்சொல்லின் சுவை அடங்கியிருக்கிறது.

எழுத்தும் ஒலியும்

முதலில் எழுத்துக்கூட்டலைக் காண்போம். பி, எச், எல், இ, ஜி, எம், ஏ, டி, ஐ, சி ஆகிய பத்து எழுத்துகள். முதலிரண்டு எழுத்துகளும் சேர்ந்து 'ஃப' என்ற ஒலியைத் தரும். 'ஜி' என்னும் எழுத்தை, 'தங்கம்' என்னும் சொல்லில் வரும் ககரத்தைப் போல ஒலிக்க வேண்டும். அழுத்தம் முதலசையில் விழாது. 'மாட்' என்னும் நடு அசையில் விழும்.

இதன் தாய்ச்சொல் சளியைக் குறிக்கும் 'ஃபிளெம்' என்பது. அதிலும் 'ஜி' எழுதப்படுகிறது, ஆனால் ஒலிக்கப்படுவதில்லை. தாய்ச்சொல்லில் ஊமையாக இருந்த எழுத்து, பிள்ளைச்சொல்லில் வாய் திறந்து பேசுகிறது. இது விதிவிலக்கு அன்று. உதரவிதானத்தைக் குறிக்கும் 'டயஃப்ரம்' என்ற சொல்லில் 'ஜி' ஊமை. 'டயஃப்ரக்மாட்டிக்' என்று உரிச்சொல்லாக நீளும்போது அது ஒலிக்கும். 'சைன்' என்பதில் ஊமை. 'சிக்னேச்சர்' என்பதில் ஒலிக்கும். இக்கூட்டத்தைச் சேர்த்து மனத்தில் இருத்திக்கொண்டால் மாணவர்களுக்கு எழுத்துப்பிழை வராது.

முற்காலத்து ஆங்கிலத்தில் இச்சொல்லை 'ஜி' இல்லாமலேதான் எழுதிவந்தார்கள். பழைய பிரெஞ்சு மொழியிலிருந்து அவ்வடிவிலேயே அது வந்து சேர்ந்தது. பின்னர், கிரேக்க மூலத்தை நினைவூட்ட வேண்டும் என்று கருதிய கற்றறிந்தோர் 'பி, எச்' என்பதையும் 'ஜி' என்பதையும் திரும்பக் கொண்டுவந்து சேர்த்தார்கள். எழுத்து மாறியது, மக்களின் நாக்கு மாறவில்லை.

நெருப்பில் தொடங்கிய பயணம்

இச்சொல்லின் மூலம் கிரேக்க மொழியின் 'ஃபிளெக்மா' என்பது. அதன் வேர்வினையான 'ஃபிளெகெய்ன்' என்பதற்கு 'எரிதல்' என்று பொருள் என்றால் வியப்பாக இருக்கும். அழகிய மலரொன்றுக்கு வழங்கும் 'ஃபிளாக்ஸ்' என்ற பெயருக்குக் கிரேக்கத்தில் 'தீச்சுடர்' என்று பொருள். அதுவும் இதே வேரைச் சேர்ந்ததுதான். உடம்பில் ஏற்படும் அழற்சியைக் குறித்த 'ஃபிளெக்மா', அழற்சியின்போது சுரக்கும் நீரையும் குறிக்கலாயிற்று. பிறகு அந்த நீர் மட்டுமே பொருளாக நின்றது. நெருப்பில் பிறந்த சொல், குளிர்ச்சியின் பெயராக முடிந்தது.

பண்டைக் கிரேக்க மருத்துவர்கள் மனித உடலில் நான்கு நீர்கள் உள்ளன என்று கொண்டனர். இரத்தம், சளி, மஞ்சள் பித்தம், கரும்பித்தம் என்பன அவை. ஹிப்போகிரடீஸின் பெயரால் வழங்கும் நூல்களில் இக்கொள்கை காணப்படுகிறது. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த பெர்கமம் நகரத்து கேலன் இதனை விரிவாக வளர்த்தார். ஒவ்வொரு நீருக்கும் இவ்விரண்டு குணங்கள். இரத்தம் சூடும் ஈரமும் உடையது. மஞ்சள் பித்தம் சூடும் வறட்சியும் உடையது. கரும்பித்தம் குளிர்ச்சியும் வறட்சியும் உடையது. சளி குளிர்ச்சியும் ஈரமும் உடையது. இந்நான்கில் எது ஓங்கி நிற்கிறதோ அதற்கேற்ப மனிதரின் சுபாவம் அமையும் என்று நம்பினர்.

ஆங்கிலத்தில் மக்களின் இயல்பைக் குறிக்கும் நான்கு உரிச்சொற்கள் இதிலிருந்தே கிளைத்தன. இரத்தம் ஓங்கியவர் 'சாங்க்வின்'. மலர்ந்த முகமும் நம்பிக்கையும் கொண்டவர். மஞ்சள் பித்தம் ஓங்கியவர் 'காலரிக்'. சட்டென்று சினம் கொள்பவர். கரும்பித்தம் ஓங்கியவர் 'மெலன்காலிக்', துயரத்தில் ஆழ்பவர். சளி ஓங்கியவர்தாம் நம்முடைய 'ஃபிளெக்மாட்டிக்'. எளிதில் சூடேறாதவர், எளிதில் அசையாதவர். 'ஹ்யூமர்' என்ற சொல் முதலில் இந்த உடல் நீரையே குறித்தது. பின்னர் அது மனநிலையைக் குறித்து, இன்று நகைச்சுவையைக் குறிக்கிறது. சொற்களும் மனிதர்களைப் போல ஊர் மாறி, தொழில் மாறி, சில சமயம் குணமும் மாறி வாழ்கின்றன.

பக்தாத் வழியாக

இங்கு நம் இல்லங்களுக்கு நெருக்கமான ஒரு செய்தி உண்டு. கிரேக்கரின் மருத்துவ நூல்கள் ஐரோப்பாவின் பெரும்பகுதியில் மறக்கப்பட்டிருந்த காலத்தில், அவை பக்தாதில் அரபு மொழியில் உயிர்பெற்றன. 873ஆம் ஆண்டில் மறைந்த ஹுனைன் இப்னு இஸ்ஹாக் என்னும் கிறிஸ்தவ அறிஞர் கேலனின் நூல்களைச் சிரியாக் மொழியிலும் அரபு மொழியிலும் பெயர்த்தார். கிரேக்கரின் 'ஃபிளெக்மா' அரபியில் 'பல்கம்' என்று உருக்கொண்டது. யுனானி மருத்துவம் அறிந்தவர்களுக்கு இச்சொல் புதிதன்று. 'தம், பல்கம், சஃப்ரா, சவ்தா' என்ற நான்கையும் இன்றும் யுனானி மாணவர்கள் முதல் பாடமாகப் படிக்கிறார்கள். உருது பேசும் இல்லங்களில் சளியைப் 'பல்கம்' என்றே சொல்வதை நீங்கள் கேட்டிருப்பீர்கள். நம் பாட்டிமார் வாயில் வழங்கும் பல்கமும், ஆங்கில நாவலில் வரும் ஃபிளெக்மாட்டிக்கும் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள்.

980 முதல் 1037 வரை வாழ்ந்த இப்னு ஸீனா தமது 'அல்-கானூன்' என்னும் மருத்துவப் பெருநூலில் பல்கத்தைப் பற்றி விரிவாகப் பேசுகிறார். நல்ல பல்கம் என்பது கழிவன்று. இன்னும் முழுமையாகப் பக்குவப்படாத இரத்தம். தேவை வரும்போது உடல் அதனைப் பக்குவப்படுத்தி இரத்தமாக்கிக்கொள்ளும் என்பது அவரது விளக்கம். இந்நூலை 12ஆம் நூற்றாண்டில் ஸ்பெயின் நாட்டின் டொலிடோ நகரில் கிரிமோனாவைச் சேர்ந்த ஜெரார்டு இலத்தீனில் பெயர்த்தார். அதன்பின் பல நூற்றாண்டுகள் ஐரோப்பியப் பல்கலைக்கழகங்களில் அது பாடநூலாக விளங்கியது. கிரேக்கத்திலிருந்து அரபுக்கு வந்த அறிவு, அரபிலிருந்து இலத்தீனுக்குத் திரும்பிய கதை இது.

மற்றொரு பொருத்தத்தையும் நோக்குங்கள். சுபாவத்தை ஆங்கிலத்தில் 'டெம்பரமென்ட்' என்கிறோம். அது 'அளவறிந்து கலத்தல்' என்னும் பொருளுடைய இலத்தீன் வினையிலிருந்து வந்தது. அதனையே அரபியில் 'மிஸாஜ்' என்கிறோம். மீம், ஸாய், ஜீம் என்னும் மூன்றெழுத்து வேருக்கும் 'கலத்தல்' என்பதே பொருள். மனிதர் எவரும் ஒரே பொருளால் ஆனவர் அல்லர். எல்லோரும் கலவைதாம் என்பதை இரு மொழிகளும் ஒத்துச் சொல்கின்றன.

நம் தமிழ் மருத்துவம் நீர்களை நான்காகக் கொள்ளாமல் வாதம், பித்தம், கபம் என்று மூன்றாகக் கொண்டது. ஆயினும் 'பித்த தேகி', 'கப தேகி' என்று உடலமைப்பைப் பெயரிட்டு அழைக்கும் வழக்கம் இங்கும் உண்டு. 'கோழை' என்ற தமிழ்ச் சொல்லுக்கு இரு பொருள் இருப்பதையும் எண்ணிப் பாருங்கள். அது சளியையும் குறிக்கும், அச்சமுடையவரையும் குறிக்கும். ஆங்கிலத்தில் சளியின் பெயர் சாந்தத்தின் பெயராயிற்று. தமிழில் சளிக்கும் அச்சத்திற்கும் ஒரே ஒலிவடிவம் வாய்த்தது. எனவே சளி என்று அகராதியில் கண்டதும் தமிழர் மனம் இகழ்ச்சியை எண்ணுவது இயல்பே. அந்தத் தந்தையின் துயரத்திற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

நான்கு நீர்க் கொள்கையை இன்றைய நவீன மருத்துவம் ஏற்பதில்லை. 1858ஆம் ஆண்டில் ருடால்ஃப் வீர்கோ வெளியிட்ட உயிரணு நோயியல் நூல், நோயின் இருப்பிடத்தை நீர்களிலிருந்து உயிரணுக்களுக்கு மாற்றியது. கொள்கை போயிற்று, சொற்கள் நின்றன. இன்று ஒருவரை ஃபிளெக்மாட்டிக் என்பவர் அவருடைய சளியைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. சளி நிறைந்த இருமலைச் சொல்வதற்கு 'ஃபிளெமி' என்ற வேறு சொல் இருக்கிறது. இவ்விரண்டையும் குழப்பிக்கொள்ளலாகாது.

இரு முகம் கொண்ட சொல்

இனிப் பொருளுக்கு வருவோம். இச்சொல்லுக்கு இரு முகங்கள் உண்டு. அவற்றை நம் பழமொழிகள் இரண்டைக் கொண்டே தெளிவாகக் காட்டலாம்.

'பதறாத காரியம் சிதறாது' என்பது ஒன்று. எந்த நெருக்கடியிலும் நிதானம் இழக்காதவரின் பண்பு இது. 'எருமை மாட்டின் மேல் மழை பெய்தாற்போல' என்பது மற்றொன்று. எது நடந்தாலும் உறைக்காதவரின் இயல்பு இது. ஃபிளெக்மாட்டிக் என்ற ஒரே சொல் இவ்விரண்டு நிலைகளையும் தாங்கி நிற்கிறது. ஒரு வாக்கியத்தில் அதைக் கண்டால், எந்தப் பழமொழி அவ்விடத்தில் பொருந்துகிறது என்று வைத்துப் பாருங்கள். பொருள் விளங்கிவிடும்.

இலக்கியத்திலிருந்து இரு சான்றுகள் தருகிறேன். 1873ஆம் ஆண்டில் நூலாக வெளிவந்த ஜூல்ஸ் வெர்னின் பிரெஞ்சு நாவல் 'எண்பது நாட்களில் உலகைச் சுற்றி' என்பதாகும். அதன் நாயகர் ஃபிலியாஸ் ஃபாக் என்னும் ஆங்கிலேயர். இருபதாயிரம் பவுன் பந்தயம் கட்டிப் புறப்படுகிறார். கப்பல் தாமதமானாலும், இருப்புப்பாதை பாதிவழியில் முடிந்துபோனாலும் அவர் முகத்தில் ஒரு சுருக்கம் விழுவதில்லை. ஆங்கிலேயரின் இந்த இயல்புக்குப் பிரெஞ்சுக்காரர் 'பிரிட்டானியச் சளி' என்று பொருள்படும் தொடரையே வழங்குகின்றனர்; பாதி வியப்பு, பாதி கேலி. ஆனால் இந்தியக் காட்டுவழியில், கணவனின் சிதையில் எரிக்கப்படவிருந்த இளம் விதவையைக் காப்பாற்றத் தம் பயணத்தையே பணயம் வைக்கிறார் ஃபாக். உடன்வந்தவர், இவருக்கும் இதயம் உண்டா என்று வியக்கிறார். முகம் அசையாதவருக்கு உள்ளமும் அசையாது என்று முடிவு கட்டலாகாது என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

மற்றொன்று ஷேக்ஸ்பியரின் 'வின்ட்சர் நகரத்து மகிழ்ச்சிப் பெண்டிர்' நாடகம். அதில் கேயஸ் என்னும் பிரெஞ்சு மருத்துவர் கடுங்கோபக்காரர். தம் வீட்டில் அயலான் ஒருவன் ஒளிந்திருப்பதைக் கண்டு குதிக்கிறார். அவர் வீட்டுப் பணிப்பெண்ணான குவிக்லி அம்மையார், இவ்வளவு ஃபிளெக்மாட்டிக்காக இருக்க வேண்டாம் என்று அவரிடம் கெஞ்சுகிறார்! 'காலரிக்' என்று சொல்ல வேண்டிய இடத்தில் நேர் எதிர்ச்சொல்லைப் போட்டுவிட்டார். பெரிய சொற்களைப் பொருளறியாமல் எடுத்தாள்வோரைப் பார்த்து அக்கால அவையோர் சிரித்திருப்பார்கள். நாம் சிரிப்பதோடு நில்லாமல் எச்சரிக்கையும் கொள்வோமாக.

புகழ்ச்சியா, இகழ்ச்சியா?

பழமொழியை வைத்துப் பார்த்தும் ஐயம் தீராவிடில் மூன்று அடையாளங்களைக் கவனிக்க வேண்டும்.

முதலாவது, அண்டைச் சொற்கள். புகழ்ச்சொற்களுக்கு நடுவே 'மற்றும்' என்ற இணைப்போடு வந்தால் அது புகழ்ச்சி. 'டல் அண்ட் ஃபிளெக்மாட்டிக்' என்று வந்தால் இகழ்ச்சி. மனிதரைப் போலவே சொல்லையும் அதன் தோழர்களைக் கொண்டு அறியலாம்.

இரண்டாவது, சூழ்நிலை. பதற்றம் தீங்கு செய்யும் இடத்தில் இச்சொல் வந்தால் புகழ்ச்சி. உற்சாகம் வேண்டிய இடத்தில் வந்தால் இகழ்ச்சி. தீயணைப்பு வீரர் ஃபிளெக்மாட்டிக் என்றால் நன்று. குழந்தைகளுக்குக் கதை சொல்லும் ஆசிரியை ஃபிளெக்மாட்டிக் என்றால் குழந்தைகள் தூங்கிவிடுவார்கள் என்று பொருள்.

மூன்றாவது, இணைப்புச் சொல். 'பட்' என்ற 'ஆனால்' முன்னே வந்தால் குறை சொல்லப்போகிறார் என்று அறியலாம். 'ஈவன்' என்ற உம்மைப் பொருள் பின்னே வந்தால் பெரும்பாலும் வியந்து போற்றுகிறார்.

இம்மூன்றையும் அந்த நற்சான்றிதழ் வரியில் பொருத்திப் பாருங்கள். அண்டைச் சொற்கள் திறமையும் நேரந்தவறாமையும். சூழ்நிலை அவசர சிகிச்சை. இணைப்பு 'ஈவன்'. 'திறமையும் காலந்தவறாமையும் உடையவர். அவசர வேளையிலும் பதற்றமடையாதவர்' என்பதே அதன் பொருள். ஒரு செவிலியருக்கு இதைவிட உயர்ந்த பாராட்டு வேறென்ன வேண்டும்? குருதி வழிய ஒருவர் கொண்டுவரப்படும்போது நடுங்காத கையே நோயாளிக்கு முதல் மருந்து.

மருத்துவ உலகில் இப்பண்புக்கு உள்ள மதிப்புக்கு ஒரு சான்றும் உண்டு. 1889ஆம் ஆண்டு மே முதல் நாள் அமெரிக்காவின் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் புதிய மருத்துவர்களுக்கு வில்லியம் ஆஸ்லர் ஆற்றிய உரை புகழ்பெற்றது. 'ஈக்வானிமிட்டாஸ்' என்னும் இலத்தீன் தலைப்புடைய அவ்வுரையில், மருத்துவருக்குரிய பண்புகளுள் கலங்காமையை அவர் முதலில் வைத்தார். அதோடு ஓர் எச்சரிக்கையும் செய்தார்: இப்பண்பைக் காண்போர் கல்நெஞ்சம் என்று தவறாக எடுத்துக்கொள்ளக்கூடும். பண்பு நல்லதாயினும் பார்ப்பவர் கண்ணில் அது வேறாகத் தெரியலாம். அச்சிக்கல் இச்சொல்லுக்குள்ளேயே இருக்கிறது.

உறவுச் சொற்கள்

அமைதியைக் குறிக்கும் பிற ஆங்கிலச் சொற்களோடு ஒப்பிட்டால் இதன் இடம் இன்னும் தெளிவாகும்.

'காம்' என்பது பொதுச்சொல். கடலுக்கும் சொல்லலாம், மனிதருக்கும் சொல்லலாம். ஒரு நாள் மட்டும் அமைதியாக இருந்தவரையும் 'காம்' என்னலாம். ஃபிளெக்மாட்டிக் என்பதோ பெரும்பாலும் ஒருவரின் நிலைத்த இயல்பைக் குறிக்கும்.

'அன்ஃபிளாப்பபிள்' என்பது 20ஆம் நூற்றாண்டின் சொல். பரபரப்பையும் பதற்றத்தையும் ஆங்கிலக் கொச்சை வழக்கில் 'ஃபிளாப்' என்றனர். அதற்கு ஆட்படாதவர் இவர். 1957 முதல் 1963 வரை பிரிட்டனின் பிரதமராக இருந்த ஹெரால்டு மாக்மில்லனைக் குறிக்க இச்சொல் பெரிதும் வழங்கியது. இதில் இகழ்ச்சி இல்லை.

'இம்பெர்டர்பபிள்' என்பது கலக்க முடியாதவர் என்னும் பொருளுடையது. தெளிந்த நீரைக் கலக்குவதை எண்ணிக்கொள்ளுங்கள். இதுவும் பெரும்பாலும் புகழ்ச்சியே.

'ஸ்டோயிக்கல்' என்பது வலியையும் இழப்பையும் முறையிடாமல் தாங்குபவரைக் குறிக்கும். ஏதென்ஸ் நகரத்தில் ஓவியங்கள் தீட்டிய தாழ்வாரமொன்றில் ஸீனோ என்னும் தத்துவ ஆசிரியர் பாடம் நடத்தினார். கிரேக்கத்தில் தாழ்வாரத்திற்கு 'ஸ்டோவா' என்று பெயர். அதனால் அவர் மாணவர்களுக்கு அப்பெயர் வந்தது.

'அப்பாதெட்டிக்' என்பது அக்கறையற்றவர். அந்த ஸ்டோயிக்குகள் 'அபாதெயா' என்னும் நிலையை, அதாவது உணர்ச்சிகளுக்கு அடிமையாகாத நிலையை, உயர்ந்த பண்பாகப் போற்றினர். ஆங்கிலத்திற்கு வந்தபோது அது இகழ்ச்சிச் சொல்லாகிவிட்டது.

'நான்ஷலன்ட்' என்பதன் பிரெஞ்சு வேருக்கு 'சூடின்மை' என்று பொருள் விரியும். எதையும் பொருட்படுத்தாத தோரணையை அது குறிக்கும். உள்ளே கவலை இருந்தும் வெளியே காட்டிக்கொள்ளாதவருக்கும் பொருந்தும்.

'சாங்ஃப்ருவா' என்னும் பிரெஞ்சுப் பெயர்ச்சொல் ஆங்கிலத்திலும் வழங்குகிறது. சொல்லுக்குச் சொல் 'குளிர்ந்த இரத்தம்'. ஆபத்தில் நிலைகுலையாமையை அது புகழும். ஆனால் அதனையே ஆங்கிலச் சொற்களால் 'கோல்டு பிளடட்' என்றால் இரக்கமற்ற கொலைகாரரைக் குறிக்கும்! ஒரே பொருள் இரு உடைகளில் வந்து, ஒன்று பாராட்டாகவும் மற்றொன்று பழியாகவும் ஆகிவிட்டது. மொழிபெயர்ப்போர் நினைவில் வைக்க வேண்டிய செய்தி இது.

'ஹலீம்' என்பதற்கு இது ஈடாகுமா?

மதரஸா மாணவர் ஒருவர் வகுப்பில் ஒரு கேள்வி எழுப்பினார். 'ஹில்ம்' என்னும் அரபுச் சொல்லை ஆங்கிலத்தில் பெயர்க்கும்போது ஃபிளெக்மாட்டிக் என்று எழுதலாமா என்று கேட்டார். கூடாது என்று சொன்னேன். காரணம் இது: ஹில்ம் என்பது சினங்கொள்ளவும் தண்டிக்கவும் ஆற்றல் இருந்தும் அடக்கிக்கொள்வதாகும். அங்கே சூடு இருக்கிறது, கடிவாளமும் இருக்கிறது. ஃபிளெக்மாட்டிக் என்பவரிடமோ சூடு இயல்பிலேயே குறைவு. இப்ராஹீம் (அலை) அவர்களைத் திருக்குர்ஆன் 'ஹலீம்' என்று குறிப்பிடும் இடத்திலேயே, இளகிய உள்ளம் உடையவர் என்றும் குறிப்பிடுகிறது. லூத் (அலை) அவர்களின் கூட்டத்தாருக்காக வாதாடிய சூழலில் வரும் சொல் அது. பிறர் துயரம் கண்டு உருகுபவரைச் சளியின் பெயரால் அழைப்பது எங்ஙனம் பொருந்தும்? 'ஃபார்பேரிங்' என்பதே அவ்விடத்திற்கு ஏற்றது. நம் வீடுகளில் அப்துல் ஹலீம் என்ற பெயர் பலருக்கு உண்டு. அதன் பொருளை ஆங்கிலத்தில் கேட்போருக்கு இனி இச்சொல்லைக் கொண்டு விளக்கலாம்.

எழுதுவோருக்கு ஒரு வேண்டுகோள்

நற்சான்றிதழ் எழுதும் ஆசிரியர்களும் மருத்துவர்களும் அலுவலர்களும் இக்கட்டுரையைப் படிக்கக்கூடும். அவர்களுக்குப் பணிவான ஒரு வேண்டுகோள். ஃபிளெக்மாட்டிக் சரியான சொல்தான். ஆயினும் சான்றிதழில் வேண்டாம். சான்றிதழ் என்பது எழுதுபவருக்கும் படிப்பவருக்கும் மட்டும் உரியதன்று. அதைச் சுமந்து செல்லும் பிள்ளைக்கும், விளக்கடியில் அகராதியோடு அமர்ந்து அதைப் படிக்கும் பெற்றோருக்கும் உரியது. 'காம்', 'கம்போஸ்டு', 'லெவல் ஹெடட்' என்று இரு முகமில்லாத சொற்கள் பல உள்ளன. நாவல் எழுதும்போது இரு முகமுள்ள சொல் சுவை தரும். ஒருவரின் பிழைப்பைத் தீர்மானிக்கும் தாளில் அது தீங்கு தரலாம்.

பெற்றோருக்கும் ஒன்று சொல்வேன். இரண்டு பொருளுடைய சொல்லை நாம் ஆங்கிலத்தில் மட்டும் காணவில்லை, வீட்டிலும் வழங்குகிறோம். பேசாமல் இருக்கும் பிள்ளையை 'மந்தம்' என்கிறோம், 'அசமந்தம்' என்கிறோம். துள்ளிக் குதிக்கும் பிள்ளையோடு ஒப்பிட்டுப் பேசுகிறோம். தேர்வில் மதிப்பெண் குறைந்த அன்று அழாத மகளைப் பார்த்து, இவளுக்கு உறைக்கவே இல்லை என்கிறோம். அவள் இரவில் விளக்கேற்றிப் படிப்பதை யார் கண்டது? அழாமை வேறு, உறைக்காமை வேறு. இரண்டும் வெளித்தோற்றத்தில் ஒன்றுபோல இருப்பதால்தான் ஆங்கிலத்தில் ஒரே சொல்லுக்குள் இரண்டும் குடிபுகுந்தன. சொல்லில் நேரும் அக்கலப்பு பிள்ளையைப் பற்றிய தீர்ப்பிலும் நேர்ந்துவிடாமல் நாம்தான் பார்த்துக்கொள்ள வேண்டும்.

வாக்கியப் பயன்பாடு

சில வாக்கியங்களை உரக்கப் படித்துப் பழகுங்கள்.

'ஹி ஹாஸ் எ ஃபிளெக்மாட்டிக் டெம்பரமென்ட்.' அவர் எளிதில் உணர்ச்சிவசப்படாத சுபாவம் உடையவர்.

'தி டிரைவர் ரிமெய்ண்டு ஃபிளெக்மாட்டிக் இன் தி ஹெவி டிராஃபிக்.' நெரிசலிலும் ஓட்டுநர் பதறாமல் இருந்தார்.

'ஹிஸ் ரிப்ளை வாஸ் ஸோ ஃபிளெக்மாட்டிக் தட் ஷி லாஸ்ட் ஹெர் பேஷன்ஸ்.' அவரது உயிரற்ற மறுமொழியைக் கேட்டு அவர் பொறுமை இழந்தார்.

'ஷி ஹெர்ட் தி நியூஸ் ஃபிளெக்மாட்டிக்கலி.' செய்தியை அவர் சலனமின்றிக் கேட்டார். இது வினையடை வடிவம்.

பயிற்சி

ஃபிளெக்மாட்டிக், ஸ்டோயிக்கல், அப்பாதெட்டிக், அன்ஃபிளாப்பபிள், ஃபார்பேரிங் ஆகிய ஐந்தில் எது எவருக்குப் பொருந்தும் என்று வீட்டுப் பிள்ளைகளைக் கேளுங்கள்.

1. ரயில் இரண்டு மணி நேரம் தாமதம் என்று அறிவித்ததும் எல்லோரும் கூச்சலிட, எப்போதும்போல் செய்தித்தாளை விரித்துக்கொண்டு அமர்ந்துவிட்டவர்.
2. எலும்பு முறிந்த வலியை ஒரு முனகலும் இன்றித் தாங்கிக்கொண்ட முதியவர்.
3. தெருவில் சாக்கடை வழிந்தாலும் எனக்கென்ன என்று இருப்பவர்.
4. ஒரே நேரத்தில் பல அழைப்புகள் வந்தபோதும் தடுமாறாமல் ஆம்புலன்ஸ்களை அனுப்பிய கட்டுப்பாட்டறைப் பணியாளர்.
5. தமக்குத் தீங்கிழைத்தவர் கைக்குள் அகப்பட்டும் மன்னித்து அனுப்பியவர்.

விடைகள்: 1. ஃபிளெக்மாட்டிக். 2. ஸ்டோயிக்கல். 3. அப்பாதெட்டிக். 4. அன்ஃபிளாப்பபிள். 5. ஃபார்பேரிங்.

முதல் வினாவுக்கும் நான்காம் வினாவுக்கும் விடைகளை மாற்றிச் சொன்ன பிள்ளையைக் கடிந்துகொள்ள வேண்டாம். அச்சொற்கள் அத்துணை நெருங்கியவை. ஏன் மாற்றிச் சொன்னாய் என்று மட்டும் கேளுங்கள். காரணம் சொல்லத் தெரிந்துவிட்டால் சொல்லும் வசமாகிவிட்டது என்று பொருள்.

அடுத்த திங்கள், நான்கு சுபாவங்களுள் மகிழ்ச்சிக்குரியதான 'சாங்க்வின்' என்ற சொல்லைக் காண்போம், இன்ஷா அல்லாஹ். பொருள் விளங்காத சொல் எதுவாயினும் அது வந்த வாக்கியத்தை முழுமையாக எழுதி அனுப்புங்கள். தனிச்சொல்லை மட்டும் எழுதினால் பாதிப் பொருளே கிட்டும். வஸ்ஸலாம்.